மூடும் நாளை முதலில் எழுதுங்கள்

இந்திய அணுசக்தித் துறைக்கும் அணுசக்தி ஒழுங்குமுறை வாரியத்துக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய ஐயா, அம்மா,

வணக்கம். கன்னியாகுமரி மாவட்டத்தில் சின்னமுட்டம் மீன்பிடித் துறைமுகத்துக்கு அருகிலுள்ள ஒரு கடற்கரை ஊரிலிருந்து இதை எழுதுகிறேன். 34 ஆண்டுகள் மேல்நிலைப் பள்ளியில் வேதியியல் கற்பித்து ஓய்வு பெற்றவள். மீனவக் குடும்பத்தில் பிறந்தவள். என் தம்பிகள் இருவரும் இன்றும் கடலுக்குப் போகிறார்கள். எங்கள் ஊரிலிருந்து கூடங்குளம் முப்பது கிலோமீட்டருக்குள்தான். வருவாய்த் துறை வரைபடத்தில் அது திருநெல்வேலி மாவட்டம், நாங்கள் கன்னியாகுமரி மாவட்டம். கடலில் அந்தக் கோடு கிடையாது. நீவாடு, அதாவது கடல் நீரோட்டம், இழுக்கும் பக்கம் வலை போகிறது, வலை போகும் பக்கம் எங்கள் பிழைப்பு போகிறது.

கூடங்குளத்தில் உலைகள் வேண்டுமா வேண்டாமா என்று வாதாட இந்த மடலை எழுதவில்லை. அந்த வாதத்தில் எங்கள் கடற்கரை நிறைய இழந்திருக்கிறது. 1989 மே 1 அன்று, நீரையும் வாழ்வையும் காக்கச் சொல்லி இரு கடற்கரைகளிலிருந்தும் நடந்து வந்த மீனவர்கள் கன்னியாகுமரியில் கூடியபோது துப்பாக்கிச் சூடு நடந்தது. அந்தக் கூட்டத்தில் என் அப்பாவும் நின்றிருந்தார். பிறகு உலைகள் கட்டப்பட்டன. முதல் உலை 2013இல் இயங்கத் தொடங்கியது, இரண்டாவதும் ஓடுகிறது, இன்னும் நான்கு எழும்பிக்கொண்டிருக்கின்றன. நான் கேட்க வந்தது எரிந்து முடிந்த எரிபொருளைப் பற்றி. அதை எங்கே வைப்பீர்கள், மீண்டும் பயன்படுவதைப் பிரித்தெடுக்க எங்கே கொண்டுபோய் அமிலத்தில் கரைப்பீர்கள், எல்லாம் முடிந்தபின் அந்த இடத்தை யார், எந்தப் பணத்தில், எத்தனை ஆண்டுகளில் துப்புரவு செய்வார்கள்?

இந்தக் கேள்வி எனக்குள் எப்படி வந்தது என்று சொல்லிவிடுகிறேன். நான் வேலைக்குச் சேர்ந்த சில ஆண்டுகளில் பள்ளி ஆய்வகத்தைப் புதிய கட்டடத்துக்கு மாற்றினோம். பழைய ஆய்வகத்தின் பின்னறையில், மர அலமாரியின் அடித்தட்டில், நாற்பதுக்கும் மேற்பட்ட புட்டிகள் இருந்தன. பெயர் எழுதி ஒட்டிய காகிதங்களைக் கரையான் தின்றுவிட்டது. எதில் என்ன இருக்கிறது என்று அறிந்திருந்த ஆய்வக உதவியாளர் இறந்து மூன்று ஆண்டுகள் ஆகியிருந்தன. இருப்புப் பதிவேட்டைத் தேடினோம், இல்லை. அந்தக் கோடை விடுமுறை முழுவதும் நானும் இன்னொரு ஆசிரியரும் ஒவ்வொரு புட்டியாக எடுத்து, ஒரு சொட்டு ஒரு சொட்டாகச் சோதித்து, எது அமிலம், எது பாதரச உப்பு என்று கண்டுபிடித்தோம். என் வலது கை ஆள்காட்டி விரலில் அதன் தழும்பு இன்னும் இருக்கிறது. வாங்கியபோது அந்தப் புட்டிகளுக்கு ஒரு நாள் வேலைகூட ஆகியிருக்காது. அப்புறப்படுத்த ஒரு விடுமுறை போயிற்று. ஒரு பள்ளிக்கூட அலமாரிக்கே இந்தக் கதை.

அமெரிக்காவின் நியூயார்க் மாநிலத்தில், பஃபலோ நகரத்துக்குத் தெற்கே ஐம்பது கிலோமீட்டர் தொலைவில், வெஸ்ட் வேலி என்று ஓர் ஊர் இருக்கிறது. அந்த நாட்டில் வணிக முறையில் இயங்கிய ஒரே அணு எரிபொருள் மறுபதப்படுத்தும் ஆலை அங்கேதான் இருந்தது. உங்களுக்கு நன்றாகத் தெரிந்த ஊர். இந்த மடலைப் படிக்கப்போகிற எங்கள் ஊர்ப் பிள்ளைகளுக்குத் தெரியாது என்பதால் கொஞ்சம் விரித்து எழுதுகிறேன்.

மறுபதப்படுத்தல் என்பது அடிப்படையில் நாங்கள் பன்னிரண்டாம் வகுப்பில் பிரிபுனலை வைத்துச் செய்துகாட்டுகிற வேலைதான். எரிந்த எரிகோலை வெட்டி, கொதிக்கும் நைட்ரிக் அமிலத்தில் கரைப்பார்கள். அந்தக் கரைசலோடு, மண்ணெண்ணெய் வகைக் கரைப்பானில் கலந்த டிரைபியூட்டைல் பாஸ்பேட் என்ற நீர்மத்தைச் சேர்த்துக் குலுக்கினால், யுரேனியமும் புளூட்டோனியமும் எண்ணெய்ப் பக்கம் ஏறிக்கொள்ளும். மற்றதெல்லாம் அமிலத்தின் பக்கம் தங்கிவிடும். அந்த ‘மற்றதெல்லாம்’ என்பதில்தான் சீசியம்-137 இருக்கிறது, ஸ்ட்ரான்ஷியம்-90 இருக்கிறது. இரண்டும் பாதியாகக் குறைய ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் எடுத்துக்கொள்பவை. ஸ்ட்ரான்ஷியத்தை உடம்பு கால்சியம் என்று எண்ணி எலும்பில் சேர்த்துக்கொள்ளும். சீசியத்தைப் பொட்டாசியம் என்று எண்ணித் தசையில் சேர்த்துக்கொள்ளும். ஆயிரத்தில் ஒரு பங்காகச் சுருங்க முந்நூறு ஆண்டுகள் வேண்டும். குளச்சல் போர் நடந்தது 1741இல். மார்த்தாண்ட வர்மா டச்சுக்காரர்களைத் தோற்கடித்த அந்த ஆண்டில் ஒரு பானை சீசியத்தை மண்ணில் புதைத்திருந்தால், அது இன்றும் ஆயிரத்தில் ஒரு பங்காகச் சுருங்கியிருக்காது.

வெஸ்ட் வேலி ஆலை 1966இல் தொடங்கி 1972இல் நின்றது. ஆறே ஆண்டுகள். மொத்தம் ஏறத்தாழ 640 டன் எரிபொருளைக் கரைத்தது. விரிவாக்கம் செய்வதற்காக நிறுத்தினார்கள். அப்போது நிலநடுக்கத்தைத் தாங்கும்படி ஆலையை வலுப்படுத்த வேண்டும் என்று ஒழுங்குமுறை அமைப்பு கேட்டது. செலவுக் கணக்கு 1.5 கோடி டாலரிலிருந்து 60 கோடி டாலருக்கு ஏறியது. நடத்திய தனியார் நிறுவனம் 1976இல் தொழிலை விட்டுவிடுவதாக அறிவித்தது. ஒப்பந்தத்தின்படி எல்லாக் கழிவையும் மாநில அரசின் தலையில் இறக்கி வைத்தது. நிலத்தடித் தொட்டிகளில் 23 லட்சம் லிட்டர் உயர்நிலைக் கதிரியக்கக் கழிவு நின்றிருந்தது. ‘நிரந்தரப் பராமரிப்பு’க்கென்று அந்த நிறுவனம் சேர்த்து வைத்திருந்தது 40 லட்சம் டாலர் அளவில்தான். இதுவரை ஆன செலவு 300 கோடி டாலரைத் தாண்டிவிட்டது. வேலை இன்னும் முடியவில்லை.

அந்த ஆலையில் ஒருமுறை தோரியம் கலந்த எரிபொருளையும் கரைத்தார்கள். அதன் கழிவைத் தனித் தொட்டியில் அமிலமாகவே வைத்திருந்தார்கள். எங்கள் மாவட்டத்து மணவாளக்குறிச்சி மணலில் கிடப்பதும் தோரியம்தானே என்பதால் அந்த வரியை நான் இரண்டு முறை படித்தேன்.

துப்புரவு எப்படி நடந்தது? 1980இல் அமெரிக்க நாடாளுமன்றம் அதற்கென்று தனிச் சட்டம் இயற்றியது. செலவில் பத்தில் ஒன்பது பங்கு மைய அரசு, ஒரு பங்கு மாநிலம். கழிவைக் கண்ணாடியாக்கத் தயாராவதற்கே பதினாறு ஆண்டுகள் ஆயின. 1996 முதல் 2002 வரை அந்த நீர்மத்தை ஆயிரம் டிகிரிக்கு மேல் உருகிய கண்ணாடியோடு கலந்து, பத்தடி உயரத் துருப்பிடிக்கா எஃகுக் கலங்களில் ஊற்றி, 275 கலங்களை நிரப்பினார்கள். பொறியாளர்கள் பாராட்டத்தக்க வேலை செய்தார்கள். அதை மறைத்துப் பேசுவது நேர்மையாகாது. தொட்டிகளில் அலைந்துகொண்டிருந்த நீர்மம் இனி கசியாது. ஆனால் அந்தக் கலங்களைக் கொண்டுபோய் வைக்க அந்த நாட்டில் இன்றுவரை இடம் இல்லை. 2016இல் அவற்றைக் கான்கிரீட் உறைகளுக்குள் வைத்து, அதே வளாகத்தில் திறந்த வெளித் தளம் ஒன்றில் வரிசையாக நிறுத்தினார்கள். அங்கேயே நிற்கின்றன. எரிகோல்களைக் கரைத்த மூலக் கட்டடத்தை இடிக்கத் தொடங்கியது 2022 செப்டம்பரில்தான். ஆலை நின்று ஐம்பது ஆண்டுகள் கழித்து.

இதைவிட என்னை உறுத்தியது நிலத்தடி நீரின் கதை. ஆலை ஓடிய காலத்திலேயே கட்டடத்துக்கு அடியில் ஒரு குழாய் கசிந்தது. அந்த ஸ்ட்ரான்ஷியம்-90 நிலத்தடி நீரோடு மெல்ல நகர்ந்து, பல ஆண்டுகளுக்குப் பிறகு மேட்டின் விளிம்பில் ஊறி வெளியே வந்தது. 2010இல் அதன் வழியில் ஏறத்தாழ 260 மீட்டர் நீளத்துக்குப் பள்ளம் வெட்டி, ஜியோலைட் என்ற கனிமத்தைக் கொட்டி ஒரு சுவர் அமைத்தார்கள். நீர் உள்ளே புகுந்து போகும், ஸ்ட்ரான்ஷியத்தைச் சுவர் பிடித்துவைத்துக்கொள்ளும். நல்ல உத்தி. ஆனால் பிடித்துவைத்த சுவரும் ஒருநாள் நிறையும், அதையும் யாராவது தோண்டி எடுக்க வேண்டும். அந்த மேட்டைச் சுற்றியுள்ள ஓடைகள் கரையை அரித்துக்கொண்டே இருக்கின்றன. ஓடை ஆற்றில் சேர்கிறது, ஆறு செனக்கா பழங்குடி மக்களின் நிலம் வழியாக ஈரி ஏரிக்குப் போகிறது, அந்த ஏரி பல நகரங்களுக்குக் குடிநீர். ஆண்டுதோறும் கடலரிப்பில் தென்னையையும் வீட்டையும் இழக்கிற எங்களுக்கு, மண் நகரும் என்பதை யாரும் விளக்க வேண்டியதில்லை. மணக்குடிப் பாலத்தையே பெயர்த்துப் போட்ட அலையை 2004இல் பார்த்தவர்கள் நாங்கள்.

அங்கே வேலை செய்தவர்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. நிரந்தரத் தொழிலாளர்கள் வாங்கக்கூடிய கதிர்வீச்சு அளவு விரைவில் நிரம்பிவிடும் என்பதால், அழுக்கான வேலைகளுக்கு வெளியிலிருந்து தற்காலிக ஆட்களைக் கூட்டிவந்து, சில நிமிட வேலைக்குப் பிறகு அனுப்பிவிட்டார்கள். அப்படி வந்துபோனவர்களின் உடல்நிலையைப் பின்னாளில் யார் தொடர்ந்து பார்த்தார்கள்? கன்னியாகுமரி மாவட்டத்திலிருந்து புற்றுநோய்க்காகத் திருவனந்தபுரம் மண்டலப் புற்றுநோய் மையத்துக்குப் பஸ் ஏறுகிற குடும்பங்களுக்கு, எந்த நோய்க்கு எது காரணம் என்று கேட்கக்கூட ஒரு காகிதம் கையில் இருப்பதில்லை. ஒப்பந்தக்காரரிடம் வேலை செய்தவருக்கு அவர் வாங்கிய கதிர்வீச்சுக் கணக்கு அவர் வீட்டிலேயே இருக்க வேண்டும் என்று நான் நினைப்பது அதனால்தான்.

வெஸ்ட் வேலியில் கடல் இல்லை. கடல் உள்ள இடம் ஒன்றும் இருக்கிறது. ஸ்காட்லாந்தின் வட முனையில் டூன்ரே. நிலம் முடிகிற இடம், எங்கள் குமரியைப் போலவே. எரிப்பதைவிடக் கூடுதலாக எரிபொருளை உண்டாக்கும் அதிவேக ஈனுலைகளைப் பிரிட்டன் அங்கேதான் கட்டிப் பார்த்தது, எரிந்த எரிபொருளையும் அங்கேயே கரைத்தது. 1960களிலும் 70களிலும் எரிகோல்களைச் சீவியபோது தெறித்த துகள்கள் கழிவுநீர்க் குழாய் வழியாகக் கடலுக்குள் போய்விட்டன. மணல் மணி அளவுதான். 1980களில் அவை கரையில் ஒதுங்கத் தொடங்கின. 1997இல் அந்தக் குழாயின் கடல் முனையைச் சுற்றி 2 கிலோமீட்டருக்கு மீன்பிடிக்கத் தடை விதித்தார்கள். கடலடியில் துகள் பொறுக்க ஆண்டுக்கணக்கில் இயந்திரங்களை இறக்கினார்கள். கரையில் கருவி பொருத்திய வண்டிகளை ஓட்டித் தேடினார்கள். அதே வளாகத்தில் 65 மீட்டர் ஆழத்துக்கு ஒரு சுரங்கக் கிணறு. வேறொரு வேலைக்காகத் தோண்டியதைக் குப்பைக் குழியாக்கி, கதிரியக்கக் கழிவை அதில் போட்டுக்கொண்டே வந்தார்கள். உள்ளே கிடந்த சோடியமும் பொட்டாசியமும் தண்ணீரோடு வினைபுரிந்து 1977 மே மாதம் அது வெடித்தது. என்ன போட்டார்கள் என்பதற்கு ஒழுங்கான பதிவேடு இல்லை. கரையான் தின்ற காகிதம் போல.

சோடியத்தைத் தண்ணீரில் போட்டால் என்ன ஆகும் என்பதை நான் 34 ஆண்டுகள் ஒவ்வோர் ஆண்டும் மாணவர்களுக்குச் செய்துகாட்டியிருக்கிறேன். ஒரு மிளகு அளவுக்குமேல் எடுக்க மாட்டேன். அறிவாளிகள் நிறைந்த ஒரு நிறுவனத்தில் அதை ஒரு கிணற்றில் போட்டுவிட்டு மறந்துபோக முடிகிறது என்றால், அறிவு போதாது, வேறொன்று வேண்டும்: எழுதிவைத்தல், வெளியாட்கள் வந்து பார்த்தல்.

இரண்டு கிலோமீட்டர் என்பது கேட்கச் சிறிய வட்டம். ஆனால் சந்தையில் அந்த வட்டம் அத்தோடு நிற்காது. ஏலக்கூடத்தில் ஒரே ஒரு வியாபாரி, “இது எந்தக் கடல் மீன்?” என்று கேட்டால் போதும். சாளைக்கும் சூரைக்கும் விலை அன்றே விழும். சிங்கி இறால் வெளிநாட்டுக்குப் போகாமல் கூடையிலேயே கிடக்கும். கதிரியக்கம் வந்து சேராத ஊருக்கும் அந்தக் கேள்வி வந்து சேர்ந்துவிடும்.

இனி நம் நாட்டுக்கு வருகிறேன். எரிந்த எரிபொருள் கழிவல்ல, அது செல்வம் என்பது உங்கள் கொள்கை. ஹோமி பாபா வகுத்த மூன்று கட்டத் திட்டத்தில் எரிந்ததைக் கரைத்துப் புளூட்டோனியம் எடுத்து, அதை ஈனுலையில் எரித்து, கடைசியில் தோரியத்துக்குப் போக வேண்டும். மும்பையின் டிராம்பேயில் 1964 முதல், பிறகு தாராப்பூரில், பிறகு கல்பாக்கத்தில் என மறுபதப்படுத்தும் ஆலைகளை நடத்திய அனுபவம் உங்களுக்கு இருக்கிறது. டிராம்பே ஆலையை நிறுத்தி, கழுவித் துப்புரவாக்கி, புதுப்பித்து மீண்டும் ஓட்டிய நம் பொறியாளர்களின் திறமையில் எனக்குச் சந்தேகம் இல்லை. கல்பாக்கத்தில் 2003 ஜனவரி 21 அன்று ஒரு வால்வு பழுதானதால் ஆறு தொழிலாளர்கள் மிகுந்த கதிர்வீச்சுக்கு உள்ளானார்கள் என்பதும், அந்த இடத்தில் எச்சரிக்கும் கருவி இல்லை என்பதும், செய்தி பொதுமக்களுக்குப் பல மாதங்கள் கழித்தே தெரிந்தது என்பதும் அதே அனுபவத்தின் பகுதிதான். இரண்டையும் சேர்த்தே நான் நினைத்துப் பார்க்கிறேன்.

கூடங்குளத்தில் இன்று மறுபதப்படுத்தும் ஆலை இல்லை. ஆனால் கரைக்கப்படப்போகிற எரிபொருள் அங்கே சேர்ந்துகொண்டிருக்கிறது. ஓர் உலைக்கு 163 எரிகோல் கட்டுகள். ஒவ்வொரு முறை எரிபொருள் மாற்றும்போதும் ஒரு பகுதி வெளியே வந்து நீர்த்தொட்டிக்குப் போகிறது. 1988இல் ராஜீவ் காந்தியும் கோர்பசேவும் கையெழுத்திட்டபோது அது சோவியத் நாட்டுக்கே திரும்பிப் போகும் என்றார்கள். பின்னாளில் அது மாறி, நம்மிடமே இருக்கும் என்றானது. 2013 மே 6 அன்று உச்ச நீதிமன்றம், அணுவுலைக்கு அப்பால் தனிச் சேமிப்பு மையம் ஒன்றை ஐந்து ஆண்டுகளுக்குள் அமைக்கச் சொன்னது. முடியவில்லை, கூடுதல் அவகாசம் கேட்டீர்கள். 2019 ஜூலையில் இராதாபுரத்தில் கருத்துக் கேட்புக் கூட்டம் என்று அறிவித்து, எதிர்ப்பு வந்ததும் தள்ளிவைத்தார்கள். எங்கள் மாவட்டத்திலும் அப்படித்தான்: கிள்ளியூர் வட்டத்தில் 1,144 ஹெக்டேரில் அணுக்கனிம மணல் எடுப்பதற்காக 2024 அக்டோபர் 1 அன்று கருத்துக் கேட்பு என்றார்கள், தள்ளிவைத்தார்கள். அணுசக்தி என்ற சங்கிலியின் முதல் கண்ணியான மணலும் கடைசிக் கண்ணியான எரிந்த எரிபொருளும் எங்கள் கடற்கரையில்தான் கிடக்கின்றன. நடுவில் என்ன நடக்கும் என்பதை மட்டும் எங்களிடம் யாரும் உட்கார்ந்து பேசவில்லை.

ஆகவே நான் கேட்பது இது. எரிந்த எரிபொருளுக்கு எந்த இடத்தில் எதைக் கட்டுவதாக இருந்தாலும், அதைத் துப்புரவு செய்து மூடும் திட்டத்தை முதலில் எழுதி, தமிழில் வெளியிடுங்கள். எந்த ஆண்டு நிற்கும், தொட்டிகளை யார் காலிசெய்வார், கண்ணாடிக் கலங்கள் எங்கே போகும், அங்கே இடம் தயாராகாவிட்டால் இங்கே எத்தனை ஆண்டு நிற்கும் என்று எழுதுங்கள். வேறு மாநிலத்துக்குக் கொண்டுபோய்க் கரைப்பீர்கள் என்றால் அந்த ஊருக்கும் இதே காகிதம் போக வேண்டும். அங்கேயும் ஒரு பள்ளிக்கூடம் இருக்கும்.

பணத்தைப் பற்றி எழுதுங்கள். உலைகளை மூடுவதற்கென்று அணுமின்சாரத்தின் விலையில் யூனிட்டுக்கு 2 காசு பிடிக்கப்படுகிறது. நாட்டின் எந்த அணுமின் நிலையத்துக்கும் மூடும் திட்டம் இல்லை என்று 2012இல் தலைமைக் கணக்குத் தணிக்கையாளரே சொன்னார். வெஸ்ட் வேலியின் 40 லட்சம் டாலர் எப்படிக் கரைந்தது என்று பார்த்தபின் அந்த 2 காசை நினைத்தால் எனக்குத் தூக்கம் வரவில்லை. பிரிட்டனின் செல்லாஃபீல்டில் கடைசி மறுபதப்படுத்தும் ஆலை 2022 ஜூலையில் நின்றது. துப்புரவு 2125 வரை நடக்கும் என்றும், 13,600 கோடி பவுண்டு ஆகும் என்றும் அந்நாட்டுத் தணிக்கை அமைப்பு 2024இல் கணக்கிட்டது. நூறு ஆண்டு வேலைக்கான நிதியை வேறு எதற்கும் எடுக்க முடியாத தனிக் கணக்கில் வையுங்கள். அதில் எவ்வளவு இருக்கிறது என்று ஆண்டுதோறும் சொல்லுங்கள்.

இன்னொன்று எங்கள் மாவட்டத்துக்கே உரியது. இதை நீங்கள் மிகுந்த கவனத்தோடு படிக்க வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். 1909இல் ஒரு ஜெர்மானிய வேதியியலர், இங்கிருந்து கப்பலேறிய தென்னங்கயிற்றில் ஒட்டியிருந்த மணலில் தோரியம் அடங்கிய கனிமமான மோனசைட்டைக் கண்டுபிடித்தார். அன்றிலிருந்து உலகமே அறிந்த செய்தி, எங்கள் மணலில் இயற்கையாகவே கதிரியக்கம் கூடுதல் என்பது. நாளைக்கு எங்கள் கரையில் அளவு கூடிவிட்டது என்று யாராவது சொன்னால், “அது உங்கள் மணலின் இயல்பு” என்று ஒரே வரியில் பதில் சொல்லிவிட முடியும். மொத்தக் கதிர்வீச்சை மட்டும் அளக்கிற கருவியால் அந்தப் பதிலை மறுக்க முடியாது. ஆனால் வேதியியலால் மறுக்க முடியும். தோரியத்தின் வழியில் பிறக்கிற தாலியம்-208 வீசும் காமா கதிரின் ஆற்றல் 2,614 கிலோ எலெக்ட்ரான் வோல்ட். சீசியம்-137 காட்டுவது 662. இரண்டும் கைரேகை போல வேறு வேறு. ஸ்ட்ரான்ஷியம்-90 காமா கதிரே வீசாது. மாதிரியைக் கரைத்து, பிரித்தெடுத்துத்தான் அளக்க வேண்டும். அணுகுண்டுச் சோதனைகளால் உலகம் முழுவதும் படிந்த பழைய சீசியமும் கொஞ்சம் இருக்கும். அது எவ்வளவு என்பதும் இப்போதே தெரிந்தால்தான் நாளைய கணக்கு நேராகும்.

கூடங்குளத்தில் உங்கள் சுற்றுச்சூழல் ஆய்வகம் மீனையும் நீரையும் மண்ணையும் அளந்துவருகிறது என்று அறிவேன். அந்த எண்களைத் தனிமம் தனிமமாக, இடம் இடமாக, எங்களுக்குத் தாருங்கள். கன்னியாகுமரியிலிருந்து நீரோடி வரை உள்ள கரையையும் சேர்த்து அளந்து, இன்றைய நிலை இது என்று ஒரு ஆவணமாக்கிக் கையெழுத்திட்டுத் தாருங்கள். ஒரு படியை மாவட்ட ஆட்சியர் அலுவலகத்திலும், ஒரு படியை ஏதாவது ஒரு பல்கலைக்கழகத்திலும், ஒரு படியை ஒவ்வொரு கடற்கரை ஊராட்சியிலும் வையுங்கள். ஒரே இடத்தில் வைத்தால் என்ன ஆகும் என்று எனக்குத் தெரியும்.

வெஸ்ட் வேலியில் 1997இல் ஊர் மக்களைக் கொண்டு ஒரு குடிமக்கள் குழு அமைத்தார்கள். துப்புரவு செய்கிறவர்கள் அந்தக் குழுவின் முன் உட்கார்ந்து, என்ன செய்தோம், எது தவறிப்போயிற்று, எது தாமதம் என்று சொல்கிறார்கள். வேலை கெட்டபின் அமைத்த குழு அது. நாம் முன்கூட்டியே அமைக்கலாம். மீனவப் பெண்கள் அதில் இருக்க வேண்டும். மீனை விற்கிறவர்களும் வாங்குகிறவர்களின் கேள்விக்குப் பதில் சொல்கிறவர்களும் அவர்கள்தான். கூட்டத்துக்குக் காவல்துறை வாகனம் இல்லாமல் வாருங்கள். கேள்வி கேட்டவர்கள்மேல் வழக்குப் போடப்பட்ட காலத்தை எங்கள் பிள்ளைகள் பார்த்திருக்கிறார்கள். அந்த அச்சம் போகாமல் யாரும் வாய் திறக்க மாட்டார்கள்.

மாதிரி எடுக்க ஆட்களை அனுப்புங்கள். கச்சான் காற்று அடங்கியபின், ஐப்பசி மழைக்கு முன், கடல் கொஞ்சம் அமைதியாக இருக்கும் நாட்கள் உண்டு. என் தம்பிகளின் வள்ளம் இருக்கிறது. எந்தப் பாரில் எந்த மீன் மேயும், நீவாடு எந்த மாதம் எந்தப் பக்கம் இழுக்கும் என்று அவர்களுக்குத் தெரியும். என்னிடம் படித்த பிள்ளைகள் சிலர் இப்போது வேதியியல் ஆய்வு செய்கிறார்கள். புட்டியில் பெயரும் தேதியும் இடமும் எழுதி ஒட்ட அவர்கள் வருவார்கள். முன்தினம் சொல்லியனுப்பினால் போதும். அதிகாலை நான்கு மணிக்குத் துறைமுகத்தில் நிற்போம்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற வேதியியல் ஆசிரியை ஒருத்தி,
கன்னியாகுமரி மாவட்டக் கிழக்குக் கடற்கரை